பக்கம் 47-க்கு மூன்றாவது கையெழுத்து

1

வெட்கங்கெட்ட விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என் பெயரை நானே இணையத்தில் தேடிக்கொண்டிருந்தபோது கிடைத்த கதை இது.

எழுதுகிறவர்கள் எல்லோரும் செய்கிற காரியம்தான். ஒப்புக்கொள்கிறவர்கள் கம்மி. பொதுக்களஞ்சியம் என்று ஓர் இணையக் கலைக்களஞ்சியம் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் எழுதலாம், யார் வேண்டுமானாலும் திருத்தலாம். அதில் என்னைப் பற்றி ஒரு கட்டுரை இருந்தது. (யார் எழுதினார்கள் என்று கேட்காதீர்கள்.) அன்றைக்குப் போய்ப் பார்த்தால் கட்டுரையைக் காணோம். நீக்கிவிட்டிருந்தார்கள். காரணம் ஒரே வரி: "குறிப்பிடத்தக்கவர் என்பதற்குச் சான்று இல்லை. – சாமை."

சாமை என்பது நீக்கியவரின் பயனர் பெயர். எனக்கு வயிறு எரிந்தது. நான்கு வெவ்வேறு பெயர்களில் கணக்குத் தொடங்கி, நான்கு முறை கட்டுரையை மறுபடி ஏற்றினேன். நான்கும் ஒரே ஆள் என்று கண்டுபிடித்து என்னை நிரந்தரமாகத் தடை செய்துவிட்டார்கள். (இந்தத் தடையை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். கடைசியில் வேண்டியிருக்கும்.)

தடை செய்தால் எழுதத்தான் முடியாது, படிக்கலாம். இந்தச் சாமை இன்னும் யார் யாரிடம் வம்பு வளர்த்திருக்கிறார் என்று பழைய உரையாடல் பக்கங்களை ஒவ்வொன்றாகத் துருவினேன். அங்கேதான் பூச்சியம் என்ற பெயரில் எழுதும் ஒருவரைக் கண்டேன். என்னைவிட மோசமாக அடி வாங்கியிருந்தார். உடனே அவர் மேல் எனக்குப் பாசம் வந்துவிட்டது.

2

மூன்று தொடக்கங்கள் எழுதினேன்.

முதலாவது: "கல்வராயன் மலைமேல் மேகங்கள் தவழ்ந்துகொண்டிருந்த ஒரு மாலையில், ஓய்வுபெற்ற கணிதப் பேராசிரியர் பொன்னுரங்கம்–"

விட்டுவிட்டேன். மேகம் எல்லா மலைமேலும்தான் தவழ்கிறது. தவிர, அந்த மாலையில் பொன்னுரங்கம் மலையில் இல்லை. கள்ளக்குறிச்சியில், தன் வீட்டு முன்னறையில், மின்விசிறிக்குக் கீழே, ஒற்றை விரலால் தட்டச்சு செய்துகொண்டிருந்தார்.

இரண்டாவது: "கோட்டுருவியலில் நளின எண்ணிடல் எனப்படுவது யாதெனில்–"

இதையும் விட்டுவிட்டேன். யாதெனில் வருவதற்குள் நீங்கள் எழுந்து காபி போடப் போயிருப்பீர்கள்.

மூன்றாவது: "சென்னையில் ஏசி அறையில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்த ஆகாஷுக்கு வயது இருபது. பயனர் பெயர் சாமை. பெரியவர்களை மட்டம் தட்டுவதில் அவனுக்கு–"

இதை ரசித்து ரசித்து நான்கு பக்கம் எழுதினேன். என் கட்டுரையை நீக்கியதற்குப் பழி வாங்க வேண்டாமா? பிறகு விசாரித்தபோது சாமை ஆணும் இல்லை, இருபது வயதும் இல்லை, சென்னையும் இல்லை என்று தெரிந்தது. நான்கு பக்கத்தையும் கிழித்தேன். ஆகாஷ் என்று யாரும் இந்தக் கதையில் கிடையாது. காரணம், சான்று இல்லை.

3

எனவே, பொன்னுரங்கத்திலிருந்தே தொடங்குகிறேன்.

மா. பொன்னுரங்கம், வயது அறுபத்தொன்பது, சொந்த ஊர் தியாகதுருகம். முப்பத்து மூன்று வருடம் கல்லூரியில் கணிதம் நடத்தியவர். அவருடைய துறை கோட்டுருவியல். புள்ளிகளையும் அவற்றை இணைக்கும் கோடுகளையும் பற்றிய படிப்பு. ஊரும் சாலையும் என்று வைத்துக்கொள்ளுங்கள், போதும். நானும் அப்படித்தான் வைத்துக்கொண்டேன்.

ஓய்வு பெற்ற மறுவருடம், தமிழில் உயர்கணிதம் படிக்க ஒன்றுமே இல்லையே என்று பொதுக்களஞ்சியத்தில் பூச்சியம் என்ற பெயரில் எழுத உட்கார்ந்தார். மனைவி கமலா மணலூர்பேட்டையில் கரும்பு பயிரிடுகிற குடும்பத்துப் பெண்.

"வேலைக்குப் போவும்போதாவது சம்பளம் குடுத்தாங்க. இப்ப இன்னாத்துக்கு இந்தப் பாடு?" என்று கேட்டார்.

"பசங்க படிப்பாங்க கமலா."

"எந்தப் பசங்க? படிச்சிட்டு ஒரு காயிதம் போட்டானா ஒருத்தன்?"

அவருக்குக் காகிதம் வந்துகொண்டுதான் இருந்தது, வேறு விதமாக. முதல் கட்டுரையின் முதல் வரியிலேயே "சான்று தேவை" என்று ஒரு பட்டையை ஒட்டிவிட்டுப் போனார்கள். வளையமாக இருக்கும் சாலையில் எத்தனை ஊரோ அத்தனை சாலை என்று எழுதியிருந்தார். இதற்கு என்ன சான்று காட்டுவது? எண்ணிப் பார்த்தால் தெரிகிறதே! அவர் கீழே ஒரு நிரூபணம் எழுதிப் போட்டார். "சொந்த ஆய்வு, ஏற்க இயலாது" என்று அதையும் எடுத்துவிட்டார்கள்.

கணிதக்காரருக்கு இது விளங்கவே இல்லை. அவருடைய உலகத்தில் நிரூபணத்துக்கு மேல் நீதிமன்றம் கிடையாது. யார் சொன்னார் என்பது முக்கியமில்லை, சொன்னது நிற்கிறதா என்பதுதான் முக்கியம். பொதுக்களஞ்சியத்திலோ நிற்கிறதா என்று யாரும் பார்க்கக் கூடாது, யார் எங்கே அச்சிட்டார் என்றுதான் பார்க்க வேண்டும். அப்படியே தலைகீழ்.

ஆனாலும் மனிதர் விடவில்லை. ஒரு சொல்லுக்கு மூன்று வாரம் சண்டை போட்டார். சூத்திரங்கள் உடைந்து உடைந்து தெரிந்ததை எட்டு நாள் உட்கார்ந்து சரி செய்தார். ஏழு வருடத்தில் நூற்று எண்பத்தாறு கட்டுரைகள். இரண்டே இரண்டு பேர் நன்றி என்று பொத்தானை அழுத்தியிருந்தார்கள். அதில் ஒருவர் தெரியாமல் அழுத்திவிட்டதாக மன்னிப்புக் கேட்டிருந்தார்.

(நான் சேர்த்துச் சொல்வதாக நினைப்பீர்கள். அந்த மன்னிப்பு இன்னும் அந்தப் பக்கத்தில் இருக்கிறது.)

4

இந்தப் பிரிவில் கொஞ்சம் கணக்கு வரும். பயப்படாதீர்கள். பத்தாம் வகுப்பில் முப்பத்தெட்டு மதிப்பெண் வாங்கிய நானே எழுதுகிறேன்.

மூன்று ஊர்கள், அவற்றைச் சுற்றி இணைக்கும் மூன்று சாலைகள். பூச்சியத்திலிருந்து மூன்று வரை உள்ள எண்களில் ஊருக்கு ஒன்று கொடுக்க வேண்டும். ஒரே எண்ணை இரண்டு ஊருக்குக் கொடுக்கக் கூடாது. சாலையின் இரு முனையில் உள்ள எண்களைக் கழித்தால் வருவது அந்தச் சாலையின் எண். சாலை எண்களும் ஒன்று போல் இன்னொன்று இருக்கக் கூடாது. அவ்வளவுதான் நளின எண்ணிடல்.

0, 3, 1 என்று கொடுங்கள். சாலைகளுக்கு 3, 2, 1 வருகிறது. மூன்றும் வேறு வேறு. நடந்துவிட்டது.

நான்கு ஊருக்குப் பூச்சியத்திலிருந்து நான்கு வரை. 0, 4, 1, 2 என்று சுற்றி வாருங்கள். சாலைகளுக்கு 4, 3, 1, கடைசியில் இரண்டிலிருந்து பூச்சியத்துக்குத் திரும்பினால் 2. இதுவும் நடந்துவிட்டது. எனக்கு இதைப் போட்டுப் பார்த்தபோது வந்த பெருமையைச் சொல்லி மாளாது. வீட்டில் எல்லோரையும் கூப்பிட்டுக் காட்டினேன்.

ஐந்து ஊருக்கு?

இந்த இடத்தில்தான் சண்டை.

5

"நளின எண்ணிடல்" என்ற கட்டுரையைப் பொன்னுரங்கம் திறந்து பார்க்கும் முன்பே யாரோ எழுதி வைத்திருந்தார்கள். அதில் ஒரு வரி: "எத்தனை ஊர் கொண்ட வளையமானாலும் நளினமாக எண்ணிடலாம்." சான்று: கல்லூரிப் பாடக் கையேடு, பக்கம் 47.

பொன்னுரங்கத்துக்கு ரத்தம் கொதித்தது. ஐந்து ஊர் வளையத்துக்கு முடியாது. துறையில் இருக்கும் யாருக்கும் தெரிந்த விஷயம். வரியை அடித்துவிட்டு, "ஐந்துக்கு இயலாது" என்று எழுதி, நிரூபணத்தையும் சேர்த்தார்.

கால் மணி நேரத்தில் பழைய வரி திரும்பி வந்துவிட்டது. "அச்சு நூல் சான்று உள்ளது. சொந்த ஆய்வு வேண்டாம். – சாமை."

மறுபடி அடித்தார். மறுபடி வந்தது. பொன்னுரங்கம் உரையாடல் பக்கத்தில் எழுதினார்: "அச்சானதெல்லாம் உண்மையா? அந்தக் கையேட்டை எழுதியவன் ஒரு அரைகுறை."

இந்த வாக்கியத்தைக் கவனியுங்கள். நான் கற்பனை செய்திருந்தால் இவ்வளவு பொருத்தமாக எழுதியிருக்க மாட்டேன்.

சாமையின் பதில் கொஞ்ச நேரம் கழித்துத்தான் வந்தது. "அந்த நூலைப் பற்றி மரியாதையாகப் பேசவும். தமிழில் படித்தவர்களுக்கு வேறு நூல் இல்லாத காலத்தில் அது ஒன்றுதான் இருந்தது. என் பிரதியில் அட்டையும் முதல் பக்கங்களும் இல்லை, அதனால் ஆசிரியர் பெயர் தெரியாது. யாராக இருந்தாலும் உங்களைவிட நிதானமானவர். நம்பிக்கை இல்லாவிட்டால் நூலை நேரில் பார்க்கலாம். வெள்ளிமலை பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே ஜெராக்ஸ் கடை."

கூடவே பக்கம் 47-ஐப் படம் எடுத்துப் போட்டிருந்தார்.

நிர்வாகிகள் வந்து கட்டுரையைப் பூட்டினார்கள். விதியையும் சொன்னார்கள். அச்சு நூலின் கூற்றை வெறும் கணக்கைக் காட்டி மாற்ற வேண்டுமென்றால், மூன்று பயனர்கள் தனித்தனியாகப் போட்டுப் பார்த்து, சரிபார்த்தேன் என்று கையெழுத்திட வேண்டும். அதுவரை நூலில் உள்ள வரியே நிற்கும்.

6

அந்தப் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்துக்கொண்டிருந்தார் பொன்னுரங்கம். பழுப்பேறிய தாள். மூன்று ஊர் வளையத்துக்கு ஒரு படம், நான்குக்கு ஒரு படம். ஐந்துக்கு வெறும் வளையமும் ஐந்து புள்ளிகளும், எண்கள் இல்லை. கீழே ஒரு வரி: "இவ்வாறே மற்ற வளையங்களுக்கும் காண்க."

காபி டம்ளரை வைக்க வந்த கமலா திரையைப் பார்த்தார். குனிந்து இன்னொரு தரம் பார்த்தார்.

"ஏங்க, இது என் வளையலு."

"இன்னாது?"

"என் வளையலுங்க. எங்க அம்மா போட்டது. கொக்கி கிட்ட ஒரு புடைப்பு இருக்கும், அதோ பாருங்க, ரவுண்டுல ஒரு மூக்கு நீட்டிக்கினு கீதே! காம்பஸ் காணோம்னு என் கையில இருந்து கழட்டிக்கினு போயி வரைஞ்சீங்களே. ரெண்டு நாளு கழிச்சிதான் குடுத்தீங்க. மை ஒட்டிக்கினு இருந்துச்சின்னு சண்டை கூட போட்டேன்."

பொன்னுரங்கம் வட்டத்தின் மூக்கை இன்னும் பெரிதாக்கிப் பார்த்தார்.

அப்போது அவருக்கு ஞாபகம் வந்தது. கள்ளக்குறிச்சியில் ஓர் அச்சகம். தமிழ்வழி மாணவர்களுக்கு ஒரு கையேடு வேண்டும் என்று கேட்டு, ஜூன் மாதத்துக்குள் வேண்டும் என்று அவசரப்படுத்தினார்கள். எழுதிக் கொடுத்தார். ஒரே பதிப்பு. அதற்குப் பிறகு எத்தனையோ ஆய்வுக் கட்டுரைகள் ஆங்கிலத்தில் எழுதிவிட்டதில், இந்தக் கையேட்டை அவர் மறந்தே போயிருந்தார்.

மூன்றுக்குப் போட்டுப் பார்த்தார், வந்தது. நான்குக்குப் போட்டுப் பார்த்தார், வந்தது. இவ்வாறே என்று எழுதிவிட்டார்.

(கணிதம் தெரியாதவன் இந்தத் தப்பைச் செய்ய மாட்டான். அவன் ஐந்தையும் போட்டுப் பார்ப்பான். இவ்வாறே என்று எழுதும் துணிச்சல் படித்தவனுக்குத்தான் வரும். இது நான் சொன்னதில்லை, பொன்னுரங்கமே என்னிடம் சொன்னது.)

"அப்ப அந்த அரைகுறை–" என்று ஆரம்பித்தார் கமலா.

"நான்தான்."

கமலாவுக்குச் சிரிப்பு வந்தது. கணவரின் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டார்.

7

இங்கே எனக்குப் பொன்னுரங்கத்தின் மேல் சந்தேகம் வந்தது.

ஒரு பாத்திரம் இந்த இடத்தில் என்ன செய்யும்? நானாக இருந்தால் கணினியை அணைத்துவிட்டுத் தூங்கியிருப்பேன். யாருக்குத் தெரியும்? பூச்சியம் என்பது யாரென்று யாருக்கும் தெரியாது. கையேட்டை எழுதியது யாரென்றும் தெரியாது. வெளியே சொல்லாமல் இருந்தால் அவர் பெயர் சுத்தமாக இருக்கும், தப்பு மட்டும் களஞ்சியத்தில் இருக்கும். சொன்னால் தப்பு போகும், ஆனால் முப்பத்து மூன்று வருடம் மற்றவர்கள் விடைத்தாளில் சிவப்பு மையால் சுழித்த மனிதர், தன் பெயரைப் போட்டுத் தன்னையே சுழித்துக்கொள்ள வேண்டும். அவருடைய பழைய மாணவர்கள் எத்தனையோ பேர் பேராசிரியர்களாக இருக்கிறார்கள். அவர்களும் பார்ப்பார்கள்.

ஒரு வடிவத்தில் அவரை மறுநாள் காலையே பஸ் ஏற்றிவிட்டேன். நேர்மையாளர், நெஞ்சு நிமிர்த்திக்கொண்டு, முதல் இருக்கையில்–

அதையும் அடித்துவிட்டேன். அது பொய். உண்மையில் அவர் பதினோரு நாள் கணினியைத் தொடவில்லை. எதிர்வீட்டு இளவரசன் ஏன் என்று கேட்டபோது கண்ணில் தொந்தரவு என்றார். பன்னிரண்டாம் நாள் கமலாதான் அலமாரியிலிருந்து அந்த வளையலை எடுத்து வந்து மேசைமேல் வைத்தார்.

"போய்ட்டு வாங்க. வெள்ளிமலை இன்னா அமெரிக்காவா? கச்சிராயபாளையம் தாண்டினா மலை ஏறிடும் பஸ்ஸு."

"போயி இன்னா சொல்றது?"

"தப்பா எழுதிட்டேன்னு சொல்லுங்க. எங்கிட்ட எத்தினி வாட்டி சொல்லிக்கிறீங்க, செத்தா போய்ட்டீங்க?"

"உங்கிட்ட எப்ப சொன்னேன்?"

"அதான் சொல்றேன். ஒரு வாட்டியாவது யாருகிட்டயாவது சொல்லுங்க."

8

வெள்ளிமலையில் இறங்கும்போது மணி பதினொன்று. எதிரே ஜெராக்ஸ் கடை. ஆன்லைன் விண்ணப்பம், லேமினேஷன், பாஸ்போர்ட் போட்டோ. வருமானச் சான்றிதழுக்கு இரண்டு பேர் நின்றுகொண்டிருந்தார்கள். கடையில் இருந்தவர் நாற்பது வயதுப் பெண்மணி. பெயர் மலர்விழி. அப்பா, அம்மா இருவரும் மலையில் கூலி வேலைக்குப் போனவர்கள். இவர் அஞ்சல் வழியில் பி.எஸ்சி. கணிதம் முடித்தவர்.

"இன்னா சார், ஜெராக்ஸா?"

"நான்தாம்மா பூச்சியம்."

மலர்விழி அவரை ஏற இறங்கப் பார்த்தார். "நீங்களா? நான் எவனோ காலேஜ் பையன்னு இல்ல நெனைச்சிக்கினு இருந்தேன்! அரைகுறைன்னுல்லாம் எழுதுனீங்களே. உக்காருங்க சார், உக்காருங்க." ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். நின்றவர்களை அனுப்பிவிட்டு, உள்ளேயிருந்து பாலிதீன் உறையில் சுற்றிய புத்தகத்தை எடுத்து வந்தார். அட்டையில்லாத அந்தப் புத்தகத்துக்குப் பழைய காலண்டர் தாளில் அட்டை போட்டிருந்தது.

"இது மின்னாடி கள்ளக்குறிச்சியில பழைய பேப்பர் கடையில கெடந்துச்சி. இத வெச்சித்தான் நான் பாஸ் பண்ணேன். இங்கிலீசு புக்கு வாங்கினாலும் எனக்குப் புரியாது. இதுல எல்லாம் எதிர்ல உக்காந்து பேசுற மாதிரி இருக்கும்."

பொன்னுரங்கம் புத்தகத்தை வாங்கிக்கொண்டார். எப்படிச் சொல்வது என்று தெரியாமல், தெரிந்த வழியில் போனார். நாற்பத்தேழாம் பக்கத்தைத் திறந்தார்.

"அஞ்சு ஊருக்கு நீங்க போட்டுப் பாத்தீங்களாம்மா?"

மலர்விழி புத்தகத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"பாத்தேன் சார். பி.எஸ்சி. படிக்கும்போதே. எனக்கு வரல."

"எத்தனை தடவை?"

"எத்தனை தடவைன்னா, எல்லாமே. அஞ்சு சாலைக்கும் வேற வேற நம்பர்னா, ஒரு சாலைக்கு அஞ்சுன்னு வரணும்ல? அது பூச்சியத்துக்கும் அஞ்சுக்கும் நடுவுலதான் வரும். அப்ப அது ரெண்டும் பக்கத்துல பக்கத்துல இருந்தே ஆவணும். மிச்சம் மூணு ஊருக்கு ஒன்னு, ரெண்டு, மூணு, நாலுல மூணு எடுத்துப் போடணும். மொத்தம் இருபத்தி நாலு வழி. இருபத்தி நாலும் போட்டேன். ஒன்னு கூட வரல."

புத்தகத்தின் கடைசிப் பக்கத்தைத் திருப்பிக் காட்டினார். உள்பக்கத்தில் பொடி எழுத்தில் இருபத்து நான்கு சின்ன வளையங்கள், ஒவ்வொன்றுக்குப் பக்கத்திலும் ஒரு பெருக்கல் குறி.

"புக்குல இவ்வாறேன்னு போட்டிருக்கு. எனக்கு வரலன்னா நான்தான் எங்கியோ தப்பு விடறேன். எம்.எஸ்சி.க்கு அப்ளிகேசன் கூட வாங்கி வெச்சிருந்தேன். இந்தச் சின்னக் கணக்கே வரல, நமக்கு இன்னாத்துக்கு எம்.எஸ்சி.ன்னு வுட்டுட்டேன். சரி, அத வுடுங்க. இப்ப சொல்லுங்க, நீங்க எதனால முடியாதுன்றீங்க?"

பொன்னுரங்கம் அந்த இருபத்து நான்கு வளையங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். ஒன்றும் விட்டுப் போகவில்லை. ஒன்றும் இரண்டு முறை வரவில்லை.

"அம்மா," என்றார், "இது நிரூபணம்."

"எது?"

"இதுதான். நீங்க போட்டது. எல்லா வழியையும் போட்டுப் பாத்து ஒன்னும் வரலன்னா, முடியாதுன்னு நிரூபிச்சாச்சுன்னு அர்த்தம். எங்கயும் ஓட்டை இல்ல. நான் எழுதின நிரூபணத்துக்கு இது ஒரு பொட்டும் கம்மி இல்ல. நீங்க இருபது வருசத்துக்கு முன்னாடியே சரியா போட்டுட்டீங்க. புக்குதான் தப்பு."

மலர்விழி சிரிக்கப் பார்த்தார், முடியவில்லை. "புக்கு எப்பிடி சார் தப்பாவும்? அச்சு போட்டிருக்குதே."

"போட்டவன் நான்தாம்மா."

பையிலிருந்து கமலாவின் வளையலை எடுத்து, பக்கம் 47-இல் இருந்த படத்தின் மேல் வைத்தார். புடைப்பு, புடைப்பின் மேல் சரியாக உட்கார்ந்தது.

வெளியே ஜீப் ஒன்று ஆள் ஏற்றிக்கொண்டு போனது. கடைக்கு வந்த ஒருவர் ஆதார் கார்டை நீட்ட, மலர்விழி எழுந்து போய் இரண்டு பக்கமும் நகல் எடுத்துக் கொடுத்துவிட்டு வந்து உட்கார்ந்தார். கண் கலங்கியிருந்தது. குரல் மட்டும் கடுமையாக வந்தது.

"இருபது வருசம் சார்."

"ஆமாம்மா. மன்னிச்சிடுங்க."

"நான் உங்க புக்குக்காக உங்ககிட்டயே சண்டை போட்டுக்கினு இருந்திருக்கேன்."

"அதுக்கும் சேத்து மன்னிச்சிடுங்க."

(இந்த இடத்தில் அழுகையை நீட்டிக்க என் கை பரபரத்தது. ஆனால் மலர்விழி அழவில்லை என்று இருவருமே சொல்கிறார்கள். அவர் கேட்டது வேறு.)

"சரி, அஞ்சுக்கு நான் போட்டுட்டேன். ஏன் முடியலன்னு சொல்லுங்க. இருபத்தி நாலும் போடாம, ஒரே அடியா சொல்ற மாதிரி."

பொன்னுரங்கம் பேனாவை எடுத்தார். "ஊரு நம்பரை ஊரோட உயரம்னு வெச்சிக்கோங்க. சாலை நம்பர்ன்றது ஒரு ஊர்ல இருந்து அடுத்த ஊருக்கு எவ்ளோ ஏத்தம், இல்லன்னா எவ்ளோ எறக்கம். இப்ப ஒரு ஊர்ல கெளம்பி, சுத்தி–"

"இருங்க சார், இருங்க." மலர்விழி கையை நீட்டித் தடுத்தார். வெளியே சாலையைப் பார்த்தபடி சொன்னார்: "வூட்டுல இருந்து கெளம்பி அஞ்சு ஊரு சுத்திட்டு திரும்ப வூட்டுக்கே வந்துட்டா, எவ்ளோ ஏறினேனோ அவ்ளோ எறங்கி இருக்கணும். அப்பதான் வூடு வரும். அப்ப ஏத்தமும் எறக்கமும் சேத்தா ரெட்டைப்படை. அஞ்சு சாலைக்கும் ஒன்னு, ரெண்டு, மூணு, நாலு, அஞ்சு. கூட்டுனா பதினஞ்சு." நிறுத்தினார். "பதினஞ்ச எப்பிடி சார் சரிபாதியா ஏறி எறங்கறது?"

"முடியாது."

"மூணு ஊருக்கு ஆறு. நாலு ஊருக்குப் பத்து. ரெண்டும் ரெட்டை. அதான் வந்துச்சி!" மேசையை ஓங்கித் தட்டினார். "ஐயோ, இவ்ளோதானா? இத நான் இங்க இருந்துக்கினு, தெனம் ஏறி எறங்கிக்கினு, இருபது வருசமா–" அதற்கு மேல் பேச முடியாமல் சிரித்தார். பொன்னுரங்கமும் சிரித்தார். பஸ்ஸுக்குக் காத்திருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். பிற்காலத்தில் வகுப்பில் எத்தனையோ தடவை இதே நிரூபணத்தை அவர் கரும்பலகையில் எழுதியிருக்கிறார். யாரும் மேசையைத் தட்டியதில்லை. அந்தச் சந்தோஷத்தை என்னிடம் சொல்லும்போதுகூட அவர் ஒரு முறை மேசையைத் தட்டிக் காட்டினார்.

மலர்விழி புத்தகத்தை அவர் பக்கம் நகர்த்தினார். "எழுதுங்க."

"இன்னா எழுதறது?"

"உங்க தப்ப நீங்கதான் திருத்தணும். சிவப்பு மையில."

இவ்வாறே என்ற சொல்லை அடித்து, "ஐந்துக்கு இயலாது. என் பிழை" என்று எழுதி, முழுப்பெயரும் தேதியும் போட்டார். மலர்விழி அதை ஸ்கேன் செய்து ஏற்றினார். திரும்பும்போது பஸ்ஸில் அவருக்கு முதல் இருக்கை கிடைத்தது. (இது உண்மை. நான் வைக்கவில்லை.)

9

மூன்று முடிவுகள் யோசித்தேன். மலர்விழி எம்.எஸ்சி. சேர்ந்தார் என்று ஒன்று. நான் கேட்டதற்கு, "கடைய யாரு பாத்துக்குவா? அப்ளிகேசன் டவுன்லோடு பண்ணி வெச்சிக்கிறேன், பாப்பம்" என்றார். அதற்கு மேல் நான் எழுதினால் நீக்கிவிடுவார். பழைய மாணவர்கள் பொன்னுரங்கத்தைக் கேலி செய்தார்கள் என்று இன்னொன்று. அதுவும் நடக்கவில்லை. நேர்மாறாக, அந்தச் சிவப்பு மைப் பக்கத்துக்கு நாற்பத்தொரு பேர் நன்றிப் பொத்தானை அழுத்தியிருக்கிறார்கள். யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. கமலா அதை எண்ணிச் சொன்னார்.

மூன்றாவது, நான் போய் மூன்றாவது கையெழுத்தைப் போட்டேன் என்பது. இருபத்து நான்கு வளையத்தையும் நானும் போட்டுப் பார்த்தேன், ஏறி இறங்கியும் பார்த்தேன், மனதாரக் கையெழுத்திடத் தயார். ஆனால் என்னைத்தான் தடை செய்திருக்கிறார்களே! தடையை நீக்கச் சொல்லி மலர்விழியிடம் கெஞ்சினேன். "நாலு பேர்ல வந்து ஏமாத்துனீங்களே சார், விதின்னா விதிதான்" என்று சொல்லிவிட்டார். டீ மட்டும் வாங்கிக் கொடுத்தார்.

நன்றி சொன்ன நாற்பத்தொரு பேரும் சிவப்பு மையைப் பார்த்து நன்றி சொன்னவர்கள். ஒருவரும் காகிதத்தில் போட்டுப் பார்த்ததாக எழுதவில்லை. பெரியவர் சொன்னால் சரியாக இருக்கும் என்று நம்பிவிட்டார்கள். பழையபடி அதே தப்பு. அவர்கள் கையெழுத்துப் போட்டாலும் செல்லாது, பொன்னுரங்கமும் மலர்விழியும் ஒப்புக்கொள்ளவும் மாட்டார்கள்.

எனவே கட்டுரை இன்னும் பூட்டித்தான் இருக்கிறது. முடிவை நான் எழுதப்போவதில்லை, அதற்கு எனக்கு அனுமதியும் இல்லை. நான் சொன்னேன் என்று நம்பாதீர்கள். நான் கதைக்காரன், முப்பத்தெட்டு மதிப்பெண். ஒரு காகிதம் எடுங்கள். வீட்டில் இருக்கும் வளையலை வைத்து ஒரு வட்டம் போடுங்கள், ஐந்து புள்ளி வையுங்கள். பூச்சியமும் ஐந்தும் பக்கத்தில் பக்கத்தில். மிச்சம் இருபத்து நான்கு வழிதான், அரை மணி நேரம் ஆகாது. முடித்ததும் உங்கள் பெயரை எழுதுங்கள்.

சரிபார்த்தோர்:

1. பூச்சியம் (மா. பொன்னுரங்கம், கள்ளக்குறிச்சி). சரிபார்த்தேன். பிழை என்னுடையது.

2. சாமை (மலர்விழி, வெள்ளிமலை). சரிபார்த்தேன். இருபது வருடத்துக்கு முன்பே.

3.